ஊன்றுகால் மேடம்

ஆகஸ்ட் 2, புதன்

விழா மலருக்கு நான் தினமும் நாலு வரியாவது எழுதித் தரவேண்டுமாம். எனக்கு உதவியாக வகுப்பெடுக்கிற வசுமதியின் உத்தரவு. "உங்க மனசுல ஓடுறத அப்படியே எழுதுங்க மேடம், முப்பதாவது வருஷ மலர்ல போட்டுடலாம்" என்று தடியான டைரி ஒன்றை மேஜையில் வைத்துவிட்டுப் போனாள். என் மனசில் ஓடுவதை அப்படியே போட்டால் அந்த மலரை ஒருத்தரும் வீட்டுக்குள் சேர்க்கமாட்டார்கள். இருக்கட்டும், எழுதுகிறேன்.

பெயர் மனோரஞ்சிதம். வயது அறுபத்தாறு. சாலிகிராமத்தில் 'ஊன்றுகால் மேடம் வீடு' என்றால் ஆட்டோக்காரர் கொண்டுவந்து இறக்கிவிடுவார். சினிமாவில் குரூப் டான்ஸராக இருந்தேன், எப்போதும் கடைசி வரிசை. அப்புறம் ஒரு டான்ஸ் மாஸ்டருக்கு உதவியாளர். ஒரு பாட்டுக்காக மரத்தில் பெரிய மத்தளம் செய்து அதன்மேல் எங்களை ஆடவிட்டார்கள். அதிலிருந்து விழுந்தேன். இடுப்பு போயிற்று. படுத்துக் கிடந்தபோது பழம் வாங்கிக்கொண்டு வந்தவர்கள், எழுந்தபோது வேலைக்குக் கூப்பிடவில்லை.

இவர், அதாவது என் வீட்டுக்காரர் தாமோதரன், நாடகக் கம்பெனியில் ஆர்மோனியம் வாசித்தார். அங்கேயே எனக்கும் வேஷம் கிடைத்தது. மாமியார், வேலைக்காரி, துடைப்பத்தோடு வந்து கத்திவிட்டுப் போகிற பக்கத்து வீட்டுக்காரி. ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். வேஷத்துக்குக் காத்திருக்கும் நேரத்தில் நாற்காலி முதுகைப் பிடித்துக்கொண்டு ஒரு காலை ஊன்றி, மற்ற காலை மெல்லச் சுழற்றிச் சுழற்றிப் பார்த்தேன். தூக்குகிற காலுக்கு இல்லை, ஊன்றுகிற காலுக்குத்தான் அதில் வேலை. இடுப்பு நேரானது. கம்பெனிப் பெண்கள் கேட்டார்கள், சொல்லிக்கொடுத்தேன். அப்புறம் மொட்டைமாடியில் கீற்றுக் கொட்டகை. இன்று நாகர்கோவிலிலிருந்து பினாங்கு வரைக்கும் நான் பழக்கிய டீச்சர்கள் முந்நூறு பேர். புடவையோடு செய்யலாம், அடுப்பு மேடையைப் பிடித்துக்கொண்டே செய்யலாம்.

மலருக்கு இவ்வளவு போதும். காலையில் மாடிப்படியில் வலது இடுப்பில் ஒரு சுருக். நேற்று வடபழனியிலிருந்து வந்த ஆட்டோவின் குலுக்கல்தான். வேறொன்றும் இல்லை.

ஆகஸ்ட் 5, சனி

ஷூட்டிங். விழா மேடையில் வெளியிடப்போகிற வீடியோ பாடத்துக்காக. எடுக்கிறவர் ஜெரோம், கல்யாண வீடியோ எடுத்தே தலை நரைத்த மனிதர். அதனால் ஐந்து நிமிஷத்துக்கு ஒருமுறை "மேடம், கொஞ்சம் சிரிங்க" என்கிறார். உடற்பயிற்சி செய்துகொண்டு என்ன சிரிப்பு வேண்டிக்கிடக்கிறது?

எல்லாப் பாடமும் ஒரே மூச்சில் முடித்துவிட்டேன். பை கட்டும் நேரத்தில் அவருக்குச் சந்தேகம்.

"மேடம், இதெல்லாம் நீங்க இடது கால ஊன்றினது. வலது கால ஊன்றுற ஷாட் ஒண்ணுகூட எடுக்கல."

"அது எதுக்கு? இதையே கம்ப்யூட்டர்ல திருப்பிப் போட்டுக்கோங்க சார். பாக்குறதுக்கு ஒரே மாதிரிதானே இருக்கும்?"

"திருப்பலாம் மேடம். ஆனா..."

"ஆனா ஆவன்னா எல்லாம் வேணாம். பிரியாணி ஆறுது, வாங்க."

விஷயம் தெரியாதவர்களுக்கு இதெல்லாம் சொல்லிப் புரியவைக்க முடியாது. எதிரே நின்று சொல்லிக்கொடுப்பவள் கண்ணாடி மாதிரி நிற்கவேண்டும். "வலது கால ஊன்றுங்க" என்று வாய் சொல்லும்போது என் இடது கால் ஊன்றும். அப்போதுதான் எதிரே இருப்பவர்களுக்குக் குழப்பம் வராது. உதவி மாஸ்டராக இருந்தபோது ரத்தத்தில் ஊறிய பழக்கம். அந்தப் பக்கம் முடிந்ததும் "அடுத்த கால்!" என்று ஒரு குரல் கொடுப்பேன். பிள்ளைகள் தாங்களே மாற்றிக்கொள்வார்கள். நான் வரிசைக்குள் இறங்கி, சாய்கிற இடுப்பையும் பூட்டுகிற முட்டியையும் திருத்திக்கொண்டு வருவேன். என் டீச்சர்கள் முந்நூறு பேரும் அச்சு அசலாக இதே மாதிரிதான் எடுப்பார்கள். அதில் எனக்குப் பெருமை.

ஆகஸ்ட் 6, ஞாயிறு

நாள் முழுக்கப் படுத்தே இருந்தேன். ஞாயிறுதானே.

ஆகஸ்ட் 9, புதன்

இன்று வகுப்பில் ஒரு கண்டம் தப்பியது. ராதாமணியின் தோளைத் திருத்தப் போனவள், எட்டி அவள் கையைப் பிடிக்க வலது காலில் முழுப்பாரத்தையும் போட்டுவிட்டேன். இடுப்பு அப்படியே கழன்று விழுகிற மாதிரி இருந்தது. அவள் தோளையே பிடித்துக்கொண்டு நின்றேன். அவளோ நான் ஆசீர்வாதம் செய்வதாக நினைத்துக் கண்ணை மூடிக்கொண்டாள்!

இது மலருக்கு இல்லை. வசுமதிக்கு வேறு எழுதித் தருகிறேன்.

வசுமதிக்கும் பாவம், இடுப்பு வலியாம். ஸ்கூட்டிக்கு ஸ்டாண்ட் போட்டுப் போட்டு வந்ததாம். "என்னடி இந்த வயசுல" என்று திட்டி, என் பையில் இருந்த தைலத்தை எடுத்துக் கொடுத்தேன். "மேடம், நீங்க எதுக்கு தைலம் வச்சிருக்கீங்க?" என்றாள். இவருக்கு என்றேன்.

ஆகஸ்ட் 11, வெள்ளி

இவர் கேட்டேவிட்டார்.

"ரஞ்சி, நீ ஏன் படியில பக்கவாட்டுல இறங்குற?"

"புடவை தடுக்குது."

"நாப்பது வருஷமா தடுக்காத புடவை."

"உங்க வேலையப் பாருங்க."

பார்க்கமாட்டார். ஆர்மோனியக்காரர், எதிராளி எந்த இடத்தில் தடுமாறுவார் என்று காத்திருந்து வாசித்தே பழகியவர்.

இங்கேயே எழுதிவிடுகிறேன், வேறு யாரிடம் சொல்வது? வலியைக்கூடத் தாங்கிவிடலாம். என் பயம் வேறு. முப்பது வருஷமாக, ஒரு நாள் விடாமல், இந்தப் பயிற்சியைச் செய்கிறவள் நான். 'இதைச் செய்தால் இடுப்பு வலி வராது' என்று சொன்னவளும் நான். எனக்கே வந்துவிட்டது என்றால் என்ன அர்த்தம்? இந்தப் பயிற்சிதான் இடுப்பை மெல்ல மெல்லத் தின்கிறது என்று அர்த்தமா? அப்படியானால் எத்தனை ஆயிரம் பொம்பளைகள் இடுப்பை நான் கெடுத்து வைத்திருக்கிறேன்? அடுத்த மாதம் மூன்றாம் தேதி மேடையில் அந்த வீடியோவை வெளியிட்டால் இன்னும் எத்தனை பேர்?

ஆகஸ்ட் 14, திங்கள்

செங்கல்பட்டு போய்வந்தேன். இவரிடம் பழைய நாடகத் தோழி வீடு என்று சொன்னேன். சென்னையில் எந்த ஆஸ்பத்திரிக்குப் போனாலும் என்னிடம் படித்தவள் ஒருத்தி இருப்பாள். அதனால் எலெக்ட்ரிக் ட்ரெயின், முகத்தில் மாஸ்க், கண்ணில் இவருடைய பழைய மூக்குக்கண்ணாடி. நாடகத்தில்கூட இவ்வளவு வேஷம் போட்டதில்லை.

பிசியோதெரபி டாக்டர் பெயர் ஷாஹினா. முப்பது முப்பத்தைந்து வயதிருக்கும். கலகலப்பான பெண்.

"என்ன பண்றீங்கம்மா?"

"வீட்லதான் இருக்கேன்."

"வாக்கிங், எக்ஸர்சைஸ் ஏதாவது?"

"எங்கம்மா நேரம்? வீட்டு வேலையே சரியா இருக்கு."

எக்ஸ்ரேயைத் தூக்கிப் பார்த்தாள். படுக்கவைத்து அழுத்தினாள், இழுத்தாள். கடைசியில், "வலது கால்ல மட்டும் நில்லுங்க பாக்கலாம்" என்றாள். நின்றேன். நின்ற மறுகணமே இடுப்பு சாய்ந்து, உடம்பு தள்ளாடி, அவள் வந்து பிடித்துக்கொண்டாள்.

"பயப்படாதீங்க. எலும்பு நல்லா இருக்கு. இந்தப் பக்கம் தசைதான் சுத்தமா வேலை செய்யல. வாழ்க்கையில எக்ஸர்சைஸே பண்ணாதவங்களுக்கு இப்படித்தான் இருக்கும். இடது பக்கம் எவ்வளவு ஸ்ட்ராங்கா இருக்கு பாருங்க, அதுவே பெரிய விஷயம்."

வாழ்க்கையில எக்ஸர்சைஸே பண்ணாதவள்! என்னைப் பார்த்து! மாஸ்க் இருந்ததால் என் மூஞ்சி தெரியவில்லை.

அதோடு விட்டாளா? "உங்களுக்கு ஒரு நல்ல பயிற்சி சொல்லித் தர்றேன்மா. ஊன்றுகால்னு பேரு. சினிமாவுல ஆடின ஒரு அம்மா கண்டுபிடிச்சது. எங்க காலேஜ்லயே சொல்லிக்கொடுத்தாங்க" என்று நாற்காலியைப் பிடித்துக்கொண்டு செய்துகாட்டினாள். முட்டியைப் பூட்டிக்கொண்டு நின்றாள். என்னால் சும்மா இருக்க முடியவில்லை.

"முட்டியப் பூட்டாதம்மா."

திரும்பிப் பார்த்தாள். "உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"டிவில பாத்தேன்."

"அட, பரவாயில்லயே! ரெண்டு பக்கமும் செய்யணும், சரியா? சில பேரு வலிக்குதுன்னு ஒரு பக்கத்த விட்டுடுவாங்க" என்று முதுகைத் தட்டி அனுப்பினாள்.

ட்ரெயினில் ஜன்னலோரம் உட்கார்ந்து அழுதேன். எதிரில் இருந்த அம்மா பேசாமல் கொய்யாப்பழம் ஒன்றை நீட்டினாள். வாங்கிக்கொண்டேன். முப்பது வருஷம் செய்தவளின் தசையும், செய்யாதவளின் தசையும் ஒன்றாக இருக்கிறது என்றால், இந்தப் பயிற்சி வெறும் தண்ணீர். நான் ஊருக்குத் தண்ணீரை மருந்து என்று விற்றிருக்கிறேன்.

ஆகஸ்ட் 16, புதன்

வகுப்பு விட்டதும் மாடிப்படியின் கீழே நின்றுகொண்டேன், இறங்குகிறவர்களைப் பார்க்க. யார் நொண்டுகிறார்கள், யார் கைப்பிடியைப் பிடிக்கிறார்கள் என்று. எல்லாரும் தடதடவென்று ஆட்டுக்குட்டி மாதிரி இறங்குகிறார்கள். "என்ன மேடம், வழியனுப்ப வந்தீங்களா?" என்று கேலி வேறு.

காய்கறிக் கடையிலும் இதே வேலை. ராதாமணி கீழே குனிந்து வெண்டைக்காய் பொறுக்கினாள், ஒரு கையும் ஊன்றாமல் எழுந்தாள். நான் கத்தரிக்காயைக் கையில் வைத்துக்கொண்டு அவள் இடுப்பையே பார்த்தபடி நின்றேன். கடைக்காரர் என்னை ஒரு மாதிரி பார்த்தார்.

ஆகஸ்ட் 19, சனி

சௌந்தரவல்லி இரண்டு மாதமாக வகுப்புக்கு வரவில்லை. என் முதல் செட் மாணவி. இடுப்பில் ஆபரேஷன் என்று நேற்று யாரோ சொன்னார்கள். ராத்திரி தூக்கமே இல்லை. காலையில் இவரையும் இழுத்துக்கொண்டு முகப்பேர் போனேன். வழியெல்லாம் என்ன பேசுவது என்று ஒத்திகை. 'அடிப்பாவி, உன்னாலதான்டி' என்று அவள் சொன்னால் காலில் விழுந்துவிடுவது என்றுகூட முடிவு செய்துவிட்டேன்.

கதவைத் திறந்ததே சௌந்தரவல்லிதான்!

"ஐயோ, ரஞ்சிதம் அக்கா! வாங்க வாங்க. அண்ணே, உக்காருங்க."

"உனக்கு ஆபரேஷன்னு..."

"எனக்கா? என் நாத்தனாருக்கு அக்கா. உள்ள படுத்திருக்காங்க. அவங்களப் பாத்துக்கத்தான் க்ளாஸுக்கு வரமுடியல. அவங்க எங்க நம்ம பயிற்சி பண்ணினாங்க? நாள் பூரா சோபா, சீரியல்."

சொல்லிக்கொண்டே காபித்தூள் டப்பாவை எடுக்க முக்காலியில் ஏறினாள். அறுபத்தைந்து வயது. வலது காலில் நின்று இடது காலைக் காற்றில் விட்டு, மேல் தட்டை எட்டினாள். இடுப்பு ஒரு நூல் சாயவில்லை. அப்புறம் இடது காலில் மாறி நின்று சர்க்கரையை எடுத்தாள். அதுவும் சாயவில்லை.

நான் அழுதுவிட்டேன். "என்னக்கா, என்னாச்சு?" என்று அவள் பதற, இவர், "காபி லேட்டாகுதுன்னு அழுவறா" என்றார்.

திரும்பி வரும்போது சந்தோஷம் பாதி வழிகூட வரவில்லை. அவளுக்கு ஒன்றும் ஆகவில்லை. ராதாமணிக்கு ஆகவில்லை. படியில் இறங்கிய ஒருத்திக்கும் ஆகவில்லை. எனக்கு மட்டும் ஏன்? இவர்களைவிட நான்தானே அதிகம் செய்கிறேன்? செங்கல்பட்டு விஷயம் முழுவதையும் ஆட்டோவில் இவரிடம் கொட்டிவிட்டேன். என் கையைப் பிடித்துக்கொண்டு வந்தார். மூக்குக்கண்ணாடியை எங்கே வைத்தாய் என்று மட்டும் கேட்டார்.

ஆகஸ்ட் 23, புதன்

வீடியோ தயாராகிவிட்டது என்று ஜெரோம் அனுப்பியிருந்தார். இவர் டிவியில் போட்டார். சாப்பிட்டுக்கொண்டே பார்த்தோம். முதல் பாடம் முடிந்தது. "அடுத்த கால்!" என்று என் குரல். திரையில் நான் வலது காலை ஊன்றி, இடது காலைத் தூக்கி, அசையாமல் நின்று சுழற்றுகிறேன். இருபது வயதுப் பெண் மாதிரி. செங்கல்பட்டில் தள்ளாடிய அதே வலது கால்!

"ரஞ்சி, மூக்குத்திய எப்ப இந்தப் பக்கம் மாத்தின?" என்றார் இவர்.

"மாத்தலியே."

"அங்க பாரு. முந்தானையும் வலது தோள்ல கிடக்கு, சேட்டு வீட்டம்மா மாதிரி."

"அது திருப்பிப் போட்டது. நான்தான் ஜெரோம திருப்பிப் போடச் சொன்னேன்."

"அப்ப வலது கால ஊன்றி நீ நிக்கிற ஷாட்டே கிடையாதா?"

"கிடையாது. எதுக்கு? நான் எப்பவும் கண்ணாடி மாதிரி..."

கையில் எடுத்த கவளத்தைத் தட்டிலேயே போட்டேன். இவர் டிவியை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார்.

"க்ளாஸ்ல எப்படி? அடுத்த கால்னு கத்துறியே, கத்திட்டு நீ என்ன பண்ணுவ?"

"கீழ இறங்கி அவங்கள..."

"திட்டப் போயிடுவ."

ஆமாம். திட்டப் போய்விடுவேன். ஒரு நாள் இல்லை, ஒரு வருஷம் இல்லை, வகுப்பு தொடங்கிய நாளிலிருந்து. எதிரே நின்று இடது கால். "அடுத்த கால்!" உடனே வரிசைக்குள் நடை. அடுத்த வகுப்பு, மறுபடி இடது கால். நாடகக் கம்பெனியில் நாற்காலியைப் பிடித்துக்கொண்டு இரண்டு காலும் மாற்றி மாற்றிச் செய்தவள், டீச்சர் ஆன அன்றோடு வலது காலை விட்டுவிட்டேன். அந்தப் பெண் ஷாஹினா சரியாகத்தான் சொன்னாள். எக்ஸர்சைஸே செய்யாத தசை.

கை கழுவப் போனவள் குழாயடியில் நின்று சிரித்தேன். சிரிப்பு நிற்கவே இல்லை. பயிற்சி தண்ணீர் இல்லை! அது ஒழுங்காகத்தான் வேலை செய்கிறது. செய்தவர்களுக்கெல்லாம் செய்திருக்கிறது. அதைச் செய்யாமல் இருந்த ஒரே ஆள் அதைக் கண்டுபிடித்தவள். இவரும் வந்து நின்று சிரித்தார். வெகுநாள் கழித்து நன்றாகத் தூங்கினேன்.

ஆகஸ்ட் 24, வியாழன்

சிரித்ததற்குத் தண்டனை. காலையில் பல் தேய்க்கும்போது திடீரென்று வசுமதியின் ஞாபகம். ஸ்கூட்டி ஸ்டாண்ட்.

வந்ததும் வராததுமாக, "வசு, வலது கால்ல நில்லு" என்றேன்.

"எதுக்கு மேடம்?"

"நில்லுடி."

நின்றாள். அவளுக்கு ஐம்பது வயது. என்னைப்போல் தள்ளாடவில்லை. ஆனால் இடுப்பு சாய்ந்தது, கண்ணுக்கு நன்றாகத் தெரிகிற மாதிரி. "இடது கால்ல நில்லு." தூண்.

உட்காரவைத்து எல்லாவற்றையும் சொன்னேன். முதலில் அவளுக்குப் புரியவில்லை. புரிந்ததும் முகம் வெளுத்துவிட்டது.

"மேடம், வேற யாருக்குத் தெரியும்?"

"உனக்கும் இவருக்கும்."

"விழா முடியட்டும் மேடம். ப்ளீஸ். மேடைல நீங்க ரெண்டு காலும் மாத்தி முழுச்சுற்று பண்ணியே ஆகணும், எல்லாரும் அதப் பாக்கத்தான் வர்றாங்க. இடது காலையே ரெண்டு தடவ ஊன்றிடுங்க. நடுவுல லைட்ட அணைச்சு ஸ்க்ரீன்ல வீடியோ ஓட்டிடலாம். எந்தக் கால்னு யாருக்குத் தெரியப்போகுது? அப்புறமா டீச்சர்ஸுக்கு மட்டும் மெதுவா சொல்லிக்கலாம்."

"எப்ப அப்புறமா?"

"ஊன்றுகால் மேடத்தாலயே ஒரு கால்ல நிக்க முடியலன்னு ஒரு ஆளு போன்ல எடுத்துப் போட்டா போதும் மேடம். முப்பது வருஷம் காலி. எல்லாரும் சிரிப்பாங்க."

அவள் சொல்வது பொய்யில்லை. என் மனசும் அந்தப் பக்கமே சாய்கிறது. கண்ணாடி மாதிரி நின்று நின்று ஒருத்தரும் கண்டுபிடிக்கவில்லையே, இன்னும் ஒரே ஒரு சாயங்காலம்தானே?

ஆகஸ்ட் 25, வெள்ளி

நாகர்கோவில் டீச்சரிடமும் பினாங்கு டீச்சரிடமும் விழா விஷயமாகப் பேசுகிற மாதிரிப் பேசி, உடம்பெல்லாம் எப்படி என்று கேட்டேன். ஒருத்திக்கு மெத்தை சரியில்லையாம். இன்னொருத்திக்கு ஏசி காற்று ஒத்துக்கொள்ளவில்லையாம். இரண்டு பேருக்கும் வலது இடுப்பு.

ஆகஸ்ட் 29, செவ்வாய்

மேடைப் புடவைக்கு ஜாக்கெட் தைத்து வந்தது, கை இறுக்கம். தையற்காரரிடம் தேவையில்லாமல் கத்தினேன்.

முந்நூறு பேரும் எனக்குப் போன் செய்து வலிக்கிறது என்று சொல்லமாட்டார்கள். நானே செங்கல்பட்டுக்கு மாஸ்க் போட்டுக்கொண்டு போனவள்தானே? ஒவ்வொருத்தியும் அவளவள் ஊரிலிருந்து தள்ளி ஒரு செங்கல்பட்டு தேடிப் போவாள். ஆட்டோ, மெத்தை, ஏசி என்று ஏதாவது சொல்லிக்கொள்வாள். நான் தைலம் வாங்கிக் கொடுப்பேன்.

இவரிடம் கேட்டேன். "மேடையில விழுந்துட்டா என்ன பண்றது?"

"மத்தளத்துலேருந்து விழுந்தியே, அதைவிட உயரமா?" என்றார்.

செப்டம்பர் 3, ஞாயிறு. விழா

எழுதியே ஆகவேண்டும், இல்லாவிட்டால் நாளைக்கு எனக்கே நம்பிக்கை வராது.

மண்டபம் நிரம்பிவிட்டது. முன்வரிசைகளில் டீச்சர்கள், ஒரே நிறப் புடவையில். பின்னால் மாணவிகள். மேடைக்குப் பின்னால் நின்றேன். வசுமதி காதோரம், "மேடம், இடது கால் முடிஞ்சதும் லைட் அணையும், ஞாபகம் வச்சுக்கோங்க" என்றாள். "அணைக்க வேணாம்னு சொல்லிட்டேன். ஜெரோமையும் வீடியோவ நிறுத்தச் சொல்லிட்டேன்" என்றேன். அவள் முகத்தை நான் பார்க்கவில்லை. பார்த்தால் மனசு மாறிவிடும்.

மேடையேறினேன். கைத்தட்டல் ஓய நேரமாயிற்று. நாற்காலியைப் பிடித்துக்கொண்டு வழக்கம்போல ஜனங்களைப் பார்த்து நின்று இடது காலில் ஒரு சுற்று முடித்தேன். அழகாக வந்தது. "அடுத்த கால்!" என்று நான் வாயெடுக்குமுன் மண்டபமே சேர்ந்து கத்தியது. அவர்களுக்குப் பழக்கம்.

நான் வரிசைக்குள் இறங்கவில்லை. மைக்கைப் பிடித்தேன்.

"டீச்சர்ஸ் எல்லாரும் எழுந்திருங்க. மேடையில கொள்ளுற வரைக்கும் மேல வாங்க, மத்தவங்க நிக்கிற இடத்துலயே நில்லுங்க. எல்லாரும் என்கூட திரும்புங்க. ஜனங்களுக்கு முதுகு காட்டுங்க."

சலசலப்பு. வந்தார்கள். நான் நாற்காலியை இழுத்துக்கொண்டு கடைசி வரிசையில் போய் நின்றேன். கடைசி வரிசை எனக்குப் புதிதில்லை. ஜனங்களுக்கு முதுகைக் காட்டி நின்றதும், என் வலது பக்கமும் அவர்கள் வலது பக்கமும் முதல்முறையாக ஒன்றாயின.

"வலது கால ஊன்றுங்க. உண்மையான வலது கால். நம்ம வலது கால்."

ஊன்றினேன். இடது காலைத் தரையிலிருந்து ஒரு சாண்கூடத் தூக்கவில்லை. இடுப்பு இறங்கியது. நாற்காலியை இறுக்கிப் பிடித்தும் உடம்பு கிடுகிடுவென்று ஆடியது. பக்கத்தில் பார்த்தேன். நாகர்கோவில் சாய்ந்திருந்தது. பினாங்கு சாய்ந்திருந்தது. அவர்களுக்கு அந்தப் பக்கம் இன்னொரு வரிசையும் சாய்ந்திருந்தது. எங்கள் முதுகைப் பார்த்துக்கொண்டிருந்த ஜனங்களுக்கு அத்தனை இடுப்பும் ஒரே பக்கமாகச் சாய்வது தெரிந்திருக்கும்.

மண்டபம் கப்சிப்பென்று ஆகிவிட்டது. வியர்வை வழிந்து என் கண்ணில் இறங்கியது. முடிந்தது, எல்லாம் போயிற்று என்று நினைத்தேன்.

அப்போது பின்னாலிருந்து ஒரு குரல். சௌந்தரவல்லி. என் குரலையே எடுத்துப் போட்ட மாதிரி, அதே அதட்டல்:

"இடுப்பு சாயுது! நேரா நில்லு! முட்டியப் பூட்டாத!"

அப்புறம் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். அப்புறம் மண்டபம் முழுக்கச் சிரிப்பு. இன்னொரு மூலையிலிருந்து ராதாமணி, "தோள எறக்குங்க மேடம்!" என்றாள். இன்னொருத்தி, "மூச்ச அடக்காதீங்க!" என்றாள். இத்தனை வருஷம் நான் அவர்களைத் திட்டியது அத்தனையும் எனக்குத் திரும்பி வந்தது. சிரித்துக்கொண்டே எழுந்து எண்ண ஆரம்பித்தார்கள். "ஒண்ணு... ரெண்டு..." எட்டு வரைக்கும் நிற்கவேண்டும். ஐந்தில் என் கால் இறங்கிவிட்டது. அவர்கள் விடவில்லை. "மறுபடி!" என்றார்கள்.

மறுபடி ஊன்றினேன். என் பக்கத்தில் யாரோ வந்து நாற்காலி முதுகில் கை வைத்தார்கள். வசுமதி. அழுதுகொண்டே வலது காலை ஊன்றினாள். அவளும் சாய்ந்தாள்.

பிறகு மைக்கில் விஷயத்தைச் சொன்னேன். சினிமாவில் கற்ற கண்ணாடிப் பழக்கம், அதனால் டீச்சர்கள் நாம் மட்டும் ஒரு காலை விட்டுவிட்டோம், நாளை முதல் ஒரு வகுப்பு எதிரே நின்று, அடுத்த வகுப்பு முதுகைக் காட்டி நின்று. வீடியோ வெளியீடு தள்ளிவைப்பு, வலது கால் சரியானதும் புதிதாக எடுப்போம். ஜெரோம் ஓரத்தில் நின்று தலையைத் தலையை ஆட்டினார். நான் அன்றைக்கே சொன்னேனே என்கிற ஆட்டல்.

செப்டம்பர் 4, திங்கள்

யாரோ போனில் எடுத்துப் போட்டுவிட்டார்கள். வசுமதி பயந்தது நடந்தது. திட்டுகிறவர்கள் திட்டுகிறார்கள், கேலி செய்கிறவர்கள் செய்கிறார்கள். இரண்டு ஊர்களில் வகுப்பை நிறுத்திவிட்டதாகச் செய்தி. காலையில் அடுப்பு மேடையைப் பிடித்துக்கொண்டு வலது காலை ஊன்றினேன். இவர் பால் பொங்குவதைப் பார்த்துக்கொண்டே எண்ணினார், வேண்டுமென்றே இழுத்து இழுத்து.

செப்டம்பர் 6, புதன்

செங்கல்பட்டிலிருந்து போன்.

"அம்மா, டாக்டர் ஷாஹினா பேசுறேன். அந்த வீடியோவ இப்பத்தான் பாத்தேன். குரலும், வலது இடுப்பு சாயுற விதமும் பாத்ததுமே தெரிஞ்சிடுச்சு. மேடையில அது நீங்கதானே? வீட்லதான் இருக்கேன்னு சொன்னீங்களே!"

இருக்கேன், இருக்கேன் என்று மென்று விழுங்கினேன்.

"ஐயோ, உங்களுக்கே ஊன்றுகால் சொல்லிக்கொடுத்தேனே, அதுவும் முட்டியப் பூட்டிக்கிட்டு! எனக்கு இப்ப ஒரே வெக்கமா இருக்கு. சரி, வலி எப்படி இருக்கு? ஏதாவது பயிற்சி பண்றீங்களா?"

"நீ சொன்னதத்தான் பண்றேன்மா," என்றேன். "ரெண்டு பக்கமும்."